குளத்துத் தண்ணீரும் காலராக் கிருமியும்

 

உங்கள் தெருவில் வயதான பாட்டி யாராவது இருந்தால் போய்க் கேட்டுப் பாருங்கள். "பாட்டி, அந்தக் காலத்து வாந்திபேதி எப்படி இருக்கும்?" என்று கேளுங்கள். பாட்டி முகம் மாறிவிடும். "காலையிலே ஏர் பிடிச்சுப் போன ஆளு, சாயங்காலம் இல்லை" என்பார். ஒரே வீட்டில் இரண்டு பாடை கிளம்பிய கதையைச் சொல்வார்.

அந்த வாந்திபேதிக்கு இன்னொரு பெயர்தான் காலரா. இந்தக் காலராவைப் பற்றித்தான் இன்றைய பேச்சு. தண்ணீரைப் படித்தவர்கள் இதைப் பற்றி ஒரு பாதி கண்டுபிடித்தார்கள். மரபணுவைப் படித்தவர்கள் மறு பாதி கண்டுபிடித்தார்கள். இரண்டையும் சேர்த்துப் பார்த்தபோதுதான் முழுக் கதை தெரிந்தது.

காலரா வந்தவருக்குக் கஞ்சித் தண்ணீர் போல வெளியே போகும். நிற்காமல் போகும். நோய் கடுமையாக இருந்தால் ஒரு மணி நேரத்தில் ஒரு லிட்டர் தண்ணீர்கூடப் போய்விடும். கண் குழி விழும். தோல் சுருங்கும். கை கால் இழுக்கும். உடம்பில் உள்ள நீரும் உப்பும் வற்றிப்போய் மனிதர் இறந்துவிடுவார். கடுமையான காலராவுக்கு மருத்துவம் செய்யாமல் விட்டால் இரண்டு பேரில் ஒருவர் பிழைப்பது அரிது. சரியாகக் கவனித்தால் நூறு பேரில் ஒருவர்கூட இறக்க வேண்டியதில்லை.

இந்த நோய் வங்காளத்தில் நெடுங்காலமாக இருந்தது. கங்கையும் பிரம்மபுத்திராவும் கடலில் கலக்கும் பூமி அது. எங்கு பார்த்தாலும் ஆறு, கால்வாய், குளம். அந்தக் குளத்தில்தான் குளிப்பார்கள். பாத்திரம் கழுவுவார்கள். குழந்தையின் துணியை அலசுவார்கள். குடிக்கவும் அதே குளத்தில் மொள்ளுவார்கள். காலராவுக்குப் பயந்து ஒரு தேவதையை அங்கே கும்பிட்டார்கள். முஸ்லிம்கள் அவளை ஓலா பீபி என்றார்கள். இந்துக்கள் ஓலாய் சண்டி என்றார்கள். நோய்க்கு இந்து, முஸ்லிம் என்ற பேதம் கிடையாது அல்லவா?

1817ஆம் ஆண்டு வங்காளத்தில் ஜெசோர் பக்கம் காலரா பெரிதாகக் கிளம்பியது. கப்பலிலும் படைகளோடும் ஏறி ஊர் ஊராக, நாடு நாடாகப் போனது. பிறகு லண்டன் நகரம் வரைக்கும் போய்விட்டது.

அந்தக் காலத்துப் படித்தவர்கள் என்ன நினைத்தார்கள் தெரியுமா? கெட்ட காற்றால் காலரா வருகிறது என்று நினைத்தார்கள். நாற்றம் அடித்தால் நோய் வரும் என்றார்கள். ஜான் ஸ்நோ என்ற டாக்டர் மட்டும் அதை நம்பவில்லை. 1854ஆம் ஆண்டு லண்டனில் ஒரு தெருவிலும் அதைச் சுற்றிலும் பத்தே நாளில் 500 பேருக்கு மேல் இறந்தார்கள். அவர் வீடு வீடாகப் போய் விசாரித்தார். எந்த வீட்டில் யார் இறந்தார், எந்தக் குழாயில் தண்ணீர் எடுத்தார் என்று கேட்டுக் குறித்துக்கொண்டார். இறந்தவர்களில் பெரும்பாலோர் ஒரே அடிபம்பில் தண்ணீர் குடித்தவர்கள்! பக்கத்திலேயே ஒரு மதுத் தொழிற்சாலை இருந்தது. அங்கே வேலை செய்தவர்கள் அந்தத் தண்ணீரைத் தொடவே இல்லை. அவர்களில் யாரும் இறக்கவில்லை. டாக்டர் அதிகாரிகளிடம் எடுத்துச் சொன்னார். பம்பின் கைப்பிடியைக் கழற்றினார்கள்.

பின்னால் தோண்டிப் பார்த்தபோது காரணம் தெரிந்தது. கிணற்றுக்குப் பக்கத்திலேயே ஒரு கழிவுக் குழி. நோய் வந்த ஒரு குழந்தையின் துணியை அலசிய தண்ணீர் அந்தக் குழியில் ஊற்றப்பட்டிருந்தது. அது கசிந்து கிணற்றில் இறங்கிவிட்டது.

தண்ணீரில் ஏதோ இருக்கிறது என்று ஜான் ஸ்நோ நிரூபித்துவிட்டார். ஆனால் அது என்ன? அதே 1854இல் இத்தாலி நாட்டில் பாசினி என்பவர் மைக்ராஸ்கோப்பில் அந்தக் கிருமியைப் பார்த்தார். யாரும் அவரைக் கவனிக்கவில்லை. ஏறக்குறைய முப்பது ஆண்டு கழித்து ஜெர்மனியிலிருந்து ராபர்ட் கோக் கல்கத்தாவுக்கு வந்தார். நோயாளிகளின் குடலில் ஒரு கிருமியைக் கண்டார். நீங்கள் எழுதும்போது கால்புள்ளி வைப்பீர்கள் அல்லவா? அதே போல வளைந்த கிருமி. நோய் பரவிய பகுதியில் ஒரு குளத்துத் தண்ணீரை எடுத்துப் பார்த்தார். அதிலும் அதே கால்புள்ளி! 1884இல் அதை உலகுக்குச் சொன்னார்.

இதோடு கதை முடிந்தது என்று எல்லோரும் நினைத்தார்கள். முடியவில்லை. இத்தனூண்டு கிருமி எப்படி ஒரு மனிதனின் உடம்பிலிருந்து குடம் குடமாகத் தண்ணீரை இறைக்கிறது? இந்தக் கேள்விக்கு மேலும் 75 ஆண்டுகள் விடை கிடைக்கவில்லை.

விடை கண்டவர் நம் நாட்டவர். அவர் பெயர் சம்புநாத் டே. மேற்கு வங்காளத்தில் ஹூக்ளி மாவட்டத்தில் ஒரு கிராமத்தில் 1915இல் பிறந்தவர். கல்கத்தாவில் டாக்டராக இருந்தார். பெரிய கருவி எதுவும் அவரிடம் இல்லை. அவர் செய்த சோதனை எளிமையானது. ஒரு முயலின் குடலில் சிறு பகுதியை எடுத்துக்கொண்டார். இரண்டு பக்கமும் நூலால் கட்டினார். அந்தப் பைக்குள் காலராக் கிருமியைச் செலுத்தினார். மறுநாள் பார்த்தால் பை நிறையத் தண்ணீர்!

பிறகு இன்னொரு சோதனை செய்தார். கிருமி வளர்ந்த சாற்றை எடுத்தார். அதிலிருந்த கிருமிகளை முழுக்க வடிகட்டி நீக்கினார். ஒரு கிருமிகூட இல்லாத அந்தச் சாற்றை மட்டும் குடலில் விட்டார். அப்போதும் தண்ணீர் நிரம்பியது. அப்படியென்றால் என்ன அர்த்தம்? கிருமி ஒரு விஷத்தைச் சுரக்கிறது. அந்த விஷம்தான் குடலைத் தண்ணீர் கொட்ட வைக்கிறது. 1959இல் இதை எழுதி வெளியிட்டார்.

இவ்வளவு பெரிய காரியம் செய்தவரை நம் நாட்டில் அப்போது எத்தனை பேர் அறிந்திருந்தார்கள்? சொல்ல வருத்தமாக இருக்கிறது. நோபல் பரிசு பெற்ற லெடர்பர்க் என்ற விஞ்ஞானி, இவருக்கும் அந்தப் பரிசைத் தர வேண்டும் என்று பரிந்துரை செய்தார். பரிசு கிடைக்கவில்லை. 1985இல் சம்புநாத் டே காலமானார். அவர் இறந்த பிறகுதான் இங்கே அவரைப் பற்றி நிறையப் பேசினார்கள்.

விஷம் இருப்பது தெரிந்ததால் ஒரு நன்மை விளைந்தது. அந்த விஷம் குடலை அறுப்பதில்லை, புண்ணாக்குவதில்லை. குடலின் சுவரிலிருந்து உப்பையும் தண்ணீரையும் வெளியே தள்ள வைக்கிறது, அவ்வளவுதான். ஆனால் குடலில் இன்னொரு வாசல் இருக்கிறது. சர்க்கரையும் உப்பும் சேர்ந்து வந்தால் அந்த வாசல் திறக்கும். இரண்டும் கைகோத்துக்கொண்டு உள்ளே போகும். கூடவே தண்ணீரும் போகும். இந்த வாசலை விஷத்தால் மூட முடியாது.

1971ஆம் ஆண்டு கிழக்குப் பாகிஸ்தானில் போர் நடந்தது. அதுதான் இன்றைய வங்கதேசம். லட்சக்கணக்கான அகதிகள் மேற்கு வங்காளத்துக்கு ஓடி வந்தார்கள். எல்லையில் பன்கான் என்ற ஊரில் முகாம். அங்கே காலரா வந்துவிட்டது. ஆஸ்பத்திரி என்பது இரண்டு அறைதான். தரையெல்லாம் நோயாளிகள். நரம்பில் ஏற்றும் சலைன் பாட்டில் தீர்ந்துகொண்டே வந்தது. திலீப் மஹாலனாபிஸ் என்ற டாக்டர் துணிந்து ஒரு முடிவெடுத்தார். உப்பு, குளுக்கோஸ், சமையல் சோடா மூன்றையும் தண்ணீரில் கலந்து டிரம்மில் வைத்தார். நோயாளியின் அம்மா, அண்ணன், மனைவி என்று உறவினர் கையில் டம்ளரைக் கொடுத்தார். "குடிக்கக் குடிக்கக் கொடுத்துக்கொண்டே இருங்கள்" என்றார். நூற்றுக்கு முப்பது பேர் இறந்துகொண்டிருந்த இடத்தில், சாவு நூற்றுக்கு நான்குக்கும் கீழே இறங்கியது. அந்தத் தண்ணீர்தான் இன்று சுகாதார நிலையத்தில் பொட்டலமாகக் கிடைக்கும் ஓ.ஆர்.எஸ். பொட்டலம் கைவசம் இல்லையா? ஒரு லிட்டர் சுத்தமான தண்ணீரில் தலைதட்டி ஆறு தேக்கரண்டி சர்க்கரை, அரைத் தேக்கரண்டி உப்பு போட்டுக் கலக்குங்கள். உப்பைக் கூட்டிவிடாதீர்கள். இதைக் கொடுத்துக்கொண்டே ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

சரி, கிருமிக்கு வருவோம். இனி மரபணுவின் கதை.

நீங்கள் எழுத்துக் கற்றுக்கொண்டவர்கள். தமிழில் 247 எழுத்துகள். அவற்றை மாற்றி மாற்றிச் சேர்த்தால் கடிதம் எழுதலாம், கணக்கு எழுதலாம், கதையும் எழுதலாம். ஒவ்வொரு உயிரின் உள்ளேயும் அப்படி ஓர் ஏடு இருக்கிறது. அதில் நான்கே நான்கு எழுத்துகள்தான். அந்த நான்கும் மாறி மாறி நீளமாகக் கோத்திருக்கும். கண் என்ன நிறம், நெல் என்ன ரகம், கிருமி விஷமுள்ளதா இல்லையா என்பதெல்லாம் அந்த ஏட்டில் எழுதியிருக்கும். ஒரு வேலைக்கான வரிதான் ஒரு மரபணு. காலராக் கிருமியின் ஏட்டை 2000ஆம் ஆண்டு விஞ்ஞானிகள் முழுதாகப் படித்து முடித்தார்கள். அதில் சுமார் 40 லட்சம் எழுத்துகள் உண்டு.

அதற்குச் சில ஆண்டுகள் முன்பே ஓர் ஆச்சரியம் வெளிவந்தது. ஆற்றிலும் கழிமுகத்திலும் உள்ள காலராக் கிருமிகளில் பெரும்பாலானவை சாதுவானவை. அவற்றின் ஏட்டில் விஷத்துக்கான வரியே கிடையாது! அப்படியானால் கெட்ட கிருமிக்கு அந்த வரி எங்கிருந்து வந்தது? வால்டர், மெகலானோஸ் என்ற இரண்டு அமெரிக்க விஞ்ஞானிகள் 1996இல் விடை சொன்னார்கள். அந்த வரியைக் கொண்டுவந்தது ஒரு வைரஸ். நமக்குச் சளி கொடுக்கும் வைரஸ் போல, கிருமிகளுக்கும் வைரஸ் உண்டு. கிருமியைவிட மிக மிகச் சிறியது அது. காலராக் கிருமியின் உடம்பில் மயிர் போல ஒன்று நீட்டிக்கொண்டிருக்கும். வைரஸ் அதைப் பிடித்துக்கொண்டு உள்ளே நுழைகிறது. தன்னிடம் உள்ள விஷ வரியைக் கிருமியின் ஏட்டில் செருகிவிடுகிறது. அன்றிலிருந்து சாதுக் கிருமி விஷக் கிருமி ஆகிவிடுகிறது. அதன் பிள்ளை, பேரன் எல்லாமே விஷக் கிருமிதான்.

ஆக, மனிதனைக் கொல்லும் விஷம் உண்மையில் காலராக் கிருமியின் சொந்தச் சொத்து அல்ல. இரவல் சொத்து.

இப்போது தண்ணீர் ஆராய்ச்சிக்காரர்கள் என்ன செய்தார்கள் என்று பார்க்கலாம். ரீட்டா கால்வெல் என்று ஓர் அம்மையார். அமெரிக்காவைச் சேர்ந்தவர். கடல் நீரைப் படித்தவர். காலரா மனிதக் குடலில் மட்டும்தான் வாழும், தண்ணீரில் சில நாள் இருந்துவிட்டுச் செத்துப்போகும் என்று எல்லா டாக்டர்களும் சொன்னார்கள். கால்வெல் அம்மையார் ஒப்புக்கொள்ளவில்லை. காலரா நோயே இல்லாத அமெரிக்கக் கழிமுகத்து நீரிலும் அவர் அந்தக் கிருமியைக் கண்டார். பலர் நம்பவில்லை.

கிருமியைத் தேடுவதில் ஒரு சிக்கல் இருந்தது. சோதனைச் சாலையில் தட்டில் உணவு வைத்து அதை வளர்த்துப் பார்ப்பார்கள். வளர்ந்தால் இருக்கிறது. வளராவிட்டால் இல்லை. குளிர்காலத்தில் குளத்து நீரை எடுத்து வளர்த்தால் ஒன்றும் வளராது. "கிருமி இல்லை" என்று எழுதிவிடுவார்கள். ஆனால் கிருமி சாகவில்லை, தூங்குகிறது என்று கால்வெல் அம்மையாரின் குழு காட்டியது. கோடையில் வெடித்த வயலில் நத்தை ஒடுங்கிக் கிடப்பதைப் பார்த்திருப்பீர்கள். அதுபோலத்தான். தூங்கும் கிருமி தட்டில் வளராது. ஆனால் அதன் உடம்புக்குள் ஏடு அப்படியே இருக்கும். பின்னாளில் தண்ணீரில் அந்த ஏட்டின் எழுத்தைத் தேடும் முறை வந்தது. வளர்க்காமலே கிருமி இருப்பதைக் கண்டுபிடித்தார்கள். தண்ணீரைப் படித்தவர்களுக்கும் மரபணுவைப் படித்தவர்களுக்கும் உறவு நெருங்கியது இந்த இடத்தில்தான்.

அது எங்கே தங்கித் தூங்குகிறது? அதுதான் சுவையான செய்தி. குளத்துத் தண்ணீரை ஒரு கண்ணாடி டம்ளரில் எடுத்து வெயிலில் பிடித்துப் பாருங்கள். கடுகில் பாதிகூட இல்லாத புள்ளிகள் துள்ளித் துள்ளி நீந்தும். அவை இறால் வகையைச் சேர்ந்த தண்ணீர்ப் பூச்சிகள். இறாலுக்கும் நண்டுக்கும் உள்ளது போல அவற்றுக்கும் ஓடு உண்டு. காலராக் கிருமி அந்த ஓட்டில் ஒட்டிக்கொள்கிறது. ஒரே பூச்சியின் மேல் ஆயிரக்கணக்கில் ஒட்டியிருக்கும். ஓட்டையே தின்னும். தண்ணீரில் வெப்பமும் பாசியும் கூடினால் பாசியைத் தின்னப் பூச்சிகள் பெருகும். பூச்சி பெருகினால் கிருமியும் பெருகும். வங்காளத்தில் ஆண்டுதோறும் குறிப்பிட்ட பருவத்தில் காலரா வருவதற்கு இது ஒரு காரணம்.

2005இல் இன்னொரு செய்தி வந்தது. கிருமி அந்த ஓட்டில் ஒட்டியதும் அதன் குணமே மாறுகிறதாம். பக்கத்தில் செத்துக் கிடக்கும் கிருமிகளின் ஏட்டிலிருந்து துண்டுகளை எடுத்துத் தன் ஏட்டில் சேர்த்துக்கொள்கிறது. பத்து ஆண்டு கழித்து அதற்கும் மேலே தெரிந்தது. செத்ததை மட்டும் அல்ல, பக்கத்தில் உயிரோடு இருப்பதைக் குத்திக் கொன்றும் அதன் எழுத்தைத் திருடுகிறது! ஒரு பூச்சியின் முதுகில் இத்தனை கொலையும் களவும் நடக்கிறது. அந்தத் தண்ணீரைத்தான் குடத்தில் மொள்ளுகிறார்கள்.

இப்படிக் கிருமி தன் ஏட்டை மாற்றினால் மனிதருக்கு என்ன ஆகும்? 1992ஆம் ஆண்டின் கடைசியில் அது தெரிந்தது. சென்னையில் ஒரு புதிய காலரா தோன்றியது. அப்போது ஊர்ப் பெயர் மெட்ராஸ். சில மாதங்களில் கல்கத்தாவிலும் வங்கதேசத்திலும் பரவியது. வழக்கமாக வங்காளத்தில் காலரா குழந்தைகளைத்தான் அதிகம் தாக்கும். பெரியவர்கள் பலமுறை கிருமியைச் சந்தித்துப் பழகியதால் அவர்கள் உடம்பு அடையாளம் கண்டு எதிர்க்கும். இந்த முறை பெரியவர்களும் கூட்டம் கூட்டமாக விழுந்தார்கள். மரபணுவைப் பார்த்தபோது காரணம் தெரிந்தது. உள்ளே அதே பழைய கிருமி. மேல் சட்டைக்கான வரிகளை மட்டும் வேறொன்றிடமிருந்து வாங்கி மாற்றியிருந்தது. மாறுவேடம் போட்ட திருடனை ஊர்க் காவல்காரருக்கு அடையாளம் தெரியுமா? அந்தக் கிருமிக்கு ஓ139 என்று எண் கொடுத்தார்கள். நல்ல வேளை, சில ஆண்டுகளில் அதன் வேகம் அடங்கிவிட்டது.

இனி வெகு தூரத்தில் நடந்த ஒன்றைச் சொல்ல வேண்டும். அமெரிக்கக் கண்டத்துப் பக்கம் ஹைட்டி என்று ஒரு சின்ன நாடு. ஏழை நாடு. 2010 ஜனவரியில் அங்கே பெரிய நிலநடுக்கம் வந்தது. அதே ஆண்டு அக்டோபரில் காலரா வந்தது. நூறு ஆண்டுகளாக அங்கே யாரும் காலராவைக் கண்டதில்லை. டாக்டர்களுக்கே அது புதிது. ஆற்றோரம் இருந்த மக்கள்தான் முதலில் விழுந்தார்கள். வயலில் வேலை செய்தவர்கள், ஆற்று நீரைக் குடித்தவர்கள்.

எங்கிருந்து வந்தது? இரண்டு பக்கமாக வாதம் நடந்தது. ஒரு பக்கம், "ஹைட்டியின் கரையோர நீரிலேயே கிருமி தூங்கிக்கொண்டிருந்தது. வெயிலும் நிலநடுக்கமும் அதை எழுப்பிவிட்டன" என்றார்கள். ஊர் மக்கள் வேறு சொன்னார்கள். ஆற்றின் மேல்புறம் ஐக்கிய நாடுகள் சபையின் அமைதிப் படை முகாம் இருந்தது. நேபாளத்திலிருந்து வந்த வீரர்கள் அங்கே தங்கியிருந்தார்கள். "அந்த முகாமின் கழிவு எங்கள் ஆற்றில் கலக்கிறது" என்றார்கள் மக்கள். ஐ.நா. சபை முதலில் அதை ஏற்கவில்லை.

தண்ணீர் ஓடும் வழியைப் பார்த்தவர்கள் ஆற்றின் வரைபடத்தை எடுத்தார்கள். முதல் நோயாளிகள் முகாமுக்குக் கீழே ஆற்றோரத்தில்தான் இருந்தார்கள். இது பாதிச் சாட்சி. மீதிச் சாட்சியைக் கிருமியே சொன்னது. ஹைட்டியில் எடுத்த கிருமியின் ஏட்டையும் நேபாளத்தில் எடுத்த கிருமியின் ஏட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தார்கள். 2011இல் முடிவு வந்தது. 40 லட்சம் எழுத்தில் ஒன்றோ இரண்டோ எழுத்துதான் வித்தியாசம்! ஒரே கடிதத்தின் இரண்டு நகல் போல இருந்தன. கிருமி எங்கே பிறந்தது என்பதில் பிறகு பெரிய சந்தேகம் இருக்கவில்லை.

ஏறக்குறைய 10,000 பேர் இறந்தார்கள். எட்டு லட்சம் பேருக்கு மேல் நோயில் படுத்தார்கள். 2016 டிசம்பரில் ஐ.நா. சபையின் பொதுச் செயலாளர் பான் கி-மூன் ஹைட்டி மக்களிடம் மன்னிப்புக் கேட்டார். மன்னிப்பு வர ஆறு ஆண்டுகள் ஆயிற்று. எழுதப் படிக்கத் தெரியாத ஏழை விவசாயிகள் முதல் வாரத்திலேயே சொன்னதை, கிருமியின் எழுத்து வந்து சாட்சி சொன்ன பிறகுதான் பெரியவர்கள் கேட்டார்கள்.

இதில் நேபாள வீரர்களைத் திட்டக் கூடாது. தமக்குள் கிருமி இருப்பது அவர்களுக்கே தெரிந்திருக்காது. காலராக் கிருமி புகுந்த பலருக்கு நோய் வெளியே தெரியாது. கழிவை ஆற்றில் விட்டதுதான் குற்றம். நேபாளத்துக்கும் அந்தக் கிருமி எங்கிருந்தோ வந்ததுதான். உலகெங்கும் எடுத்த கிருமிகளின் ஏடுகளை ஒப்பிட்டு ஒரு குடும்ப மரம் வரைந்தார்கள். இப்போது உலகில் சுற்றும் காலராவின் வேர் வங்காள விரிகுடாப் பக்கம்தான் இருக்கிறது. அங்கிருந்து மூன்று அலையாகக் கிளம்பிப் போயிருக்கிறது.

ஹைட்டியில் 2019க்குப் பிறகு நோய் நின்றது. மூன்று ஆண்டு யாருக்கும் இல்லை. 2022இல் மறுபடி வந்தது. ஏட்டைப் படித்தார்கள். அது 2010இல் வந்த கிருமியின் வாரிசு! இடையில் அது தண்ணீரில் தூங்கியதா, மனிதரிடமே மறைந்து சுற்றியதா என்று கேள்வி எழுந்தது. கழிமுகத்தைப் படித்த அந்த அம்மையாரின் பேச்சு இப்போது மறுபடி நினைவுக்கு வருகிறது அல்லவா?

கடைசியாக ஒரு சேலைக் கதை.

கிருமி பூச்சியின் ஓட்டில் ஒட்டியிருக்கிறது. கிருமி மிகச் சிறியது, துணியில் நிற்காது. ஆனால் பூச்சி பெரியது. பூச்சியை வடிகட்டினால் அதன் முதுகில் உள்ள கிருமியும் போய்விடும் அல்லவா? கால்வெல் அம்மையாரும் வங்கதேசத்தில் அவரோடு வேலை செய்தவர்களும் இப்படி யோசித்தார்கள். கொதிக்க வைத்தால் எல்லாக் கிருமியும் சாகும். அதைவிட நல்லது வேறு இல்லை. ஆனால் வங்கதேசத்துக் கிராமத்தில் விறகு கிடைப்பது குதிரைக் கொம்பு. சோறாக்கவே விறகு இல்லை, தண்ணீர் காய்ச்ச எங்கே போவது? எல்லார் வீட்டிலும் இருப்பது பழைய சேலைதான்.

சோதனைச் சாலையில் பார்த்தார்கள். பழைய பருத்திச் சேலையை நான்கு மடிப்பாக மடித்து வடிகட்டினால் பூச்சியோடு ஒட்டிய கிருமிகளில் நூற்றுக்கு 99 நின்றுவிட்டன. புதுச் சேலையைவிடப் பழைய சேலை மேல். துவைத்துத் துவைத்து நூல் நைந்து பிசிறு எழும்பியிருக்கும். அதனால் துணியின் கண் சின்னதாகிவிடும். பணக்காரரின் புதுப் புடவை தோற்கிற ஒரே இடம் இதுதான் போலும்!

பிறகு மத்லப் என்ற பகுதியில் 65 கிராமங்களில் செய்து பார்த்தார்கள். சில ஊர்ப் பெண்கள் சேலையால் வடிகட்டினார்கள். சில ஊர்களில் நைலான் வலை கொடுத்தார்கள். சில ஊர்களில் எப்போதும் போல இருந்தார்கள். குடத்தின் வாயில் மடித்த சேலையைப் போட்டுத் தண்ணீர் மொண்டார்கள். பிறகு துணியை அலசி வெயிலில் காயவைத்தார்கள். 2003இல் முடிவை வெளியிட்டார்கள். சேலையால் வடிகட்டிய ஊர்களில் காலரா ஏறக்குறையப் பாதியாகக் குறைந்திருந்தது.

பாதிதான், முழுதும் அல்ல. தண்ணீரில் தனியாக மிதக்கும் கிருமியைச் சேலை பிடிக்காது. அதனால் விறகோ கேஸோ இருப்பவர்கள் தண்ணீரைக் காய்ச்சித்தான் குடிக்க வேண்டும். குளோரின் போட்ட குழாய்த் தண்ணீர் வந்தால் அதை விடக் கூடாது. குளத்தைத் தவிர வேறு வழியே இல்லாதவர்களுக்குத்தான் சேலை.

ஐந்து ஆண்டுகள் கழித்து ஆராய்ச்சிக்காரர்கள் அதே ஊர்களுக்குத் திரும்பப் போனார்கள். இடையில் யாரும் வந்து சொல்லிக் கொடுக்கவில்லை, மேற்பார்வை செய்யவில்லை. இருந்தும் பழகிய பெண்களில் நூற்றுக்கு 31 பேர் இன்னமும் தண்ணீரை வடிகட்டிக்கொண்டிருந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் கையில் சேலைதான். அது மட்டும் அல்ல. முன்பு எதுவுமே சொல்லிக் கொடுக்காமல் விட்ட ஊர்களிலும் போய்ப் பார்த்தார்கள். அங்கேயும் சில பெண்கள் குடத்தின் வாயில் துணியைப் போட்டுத் தண்ணீர் மொண்டுகொண்டிருந்தார்கள்.